பூர்ஜ மரம்

பூர்ஜ மரம் என்பது இமயமலைத் தொடரில் மரங்கள் வளரக்கூடிய உயரத்தின் மேலெல்லையை ஒட்டிக் காடாகச் செறிந்து நிற்பதும், தாள்போல மெல்லிய ஏடுகளாகத் தானே உரியும் புறப்பட்டையை உடையதுமான இலையுதிர் மரமாகும். பெட்டுலா யூட்டிலிஸ் என்பது இதன் தாவரவியற் பெயர். யூட்டிலிஸ் என்னும் இலத்தீன்சொல் பயன்மிக்கது எனப் பொருள்படும். வடமொழியில் பூர்ஜம் எனவும், இந்தியில் போஜ் அல்லது போஜ்பத்ர எனவும் வழங்கும் இம்மரத்தின் பெயர் தமிழில் பூர்ச்சம், பூர்ஜம் என இருவகையாகவும் எழுதப்படும். பூர்ஜம் என்னும் சொல்லும், ஆங்கிலத்தின் பிர்ச், ஜெர்மானியத்தின் பிர்கே, ருசிய மொழியின் பெரியோசா ஆகிய சொற்களும் ஒளிர்தல், வெண்மை என்னும் பொருளுடைய ஒரே வேரிலிருந்து கிளைத்தவை என்பது மொழியியலாரின் முடிபு. மரத்தை முதலில் கண்டவர்களின் கண்ணில் இலையோ கனியோ படாமல் பட்டையின் வெண்மையே பட்டது என்பதற்கு இப்பெயரே சான்றாக நிற்கிறது.

ஆப்கானிஸ்தானத்தின் கிழக்குப் பகுதி தொடங்கிக் காஷ்மீர், இமாசலம், உத்தராகண்டம், நேபாளம், பூட்டான் வழியாகச் சீனாவின் தென்மேற்கு வரையில் இம்மரம் பரவியுள்ளது. பெரும்பாலும் 3,000 மீட்டருக்கு மேற்பட்ட சரிவுகளில் வளரும் இது, சில இடங்களில் 4,500 மீட்டர் உயரம்வரையிலும் காணப்படுகிறது. காற்று மறைவான இடங்களில் 20 மீட்டர்வரை உயரும் மரம், மரவெல்லையை நெருங்க நெருங்கக் குறுகி, பனிச்சுமை ஆண்டுதோறும் அழுத்துவதால் அடிமரம் சரிவின் போக்கில் வளைந்து, பின்னர் நிமிர்ந்து நிற்கும் தோற்றம் பெறுகிறது. பல் விளிம்புடைய முட்டை வடிவ இலைகள் இலையுதிர் காலத்தில் பொன்மஞ்சளாகி உதிரும். பூக்கள் வால்போலத் தொங்கும் கொத்துகளாக அமைந்து காற்றினால் மகரந்தச் சேர்க்கை அடைகின்றன. சிறகுடைய நுண்ணிய விதைகளையும் காற்றே கொண்டுசெல்கிறது.

கல்கத்தா தாவரவியல் தோட்டத்தின் கண்காணிப்பாளராக இருந்த டென்மார்க்கு நாட்டு மருத்துவர் நத்தானியேல் வாலிக் நேபாளத்திலிருந்து திரட்டிய தாவரங்களை ஆராய்ந்த டேவிட் டான் என்னும் ஸ்காட்லாந்து அறிஞர், 1825இல் இவ்வினத்தை முறைப்படி விவரித்துப் பெயரிட்டார். கிழக்கு இமயத்தில் பட்டை செம்பழுப்பாகவும் மேற்கு இமயத்தில் பால்வெண்மையாகவும் இருப்பதால், மேற்குப் பகுதி மரங்கள் தனித் துணையினமாகக் கருதப்பட்டு, 1832இல் பம்பாயில் இளம்வயதிலேயே மறைந்த பிரெஞ்சு இயற்கையியலார் விக்டர் ஜாக்மோனின் பெயரைப் பெற்றுள்ளன. இக்கட்டுரையில் கூறப்படும் சுவடிகளின் வரலாறு பெரும்பாலும் மேற்குப் பகுதியைச் சேர்ந்தது.

பட்டை உரியும் முறை

மரங்கள் அனைத்தும் பருக்கும்போது பழைய தோலை இழந்தே ஆகவேண்டும். ஆனால் அதை எவ்வாறு இழக்கின்றன என்பதில்தான் இனத்திற்கு இனம் வேறுபாடு காணப்படுகிறது. தண்டின் புறத்தே தக்கை கேம்பியம் எனப்படும் ஓர் உயிருள்ள மென்படலம் உண்டு. அது வெளிப்புறமாகத் தக்கைச் செல்களைத் தொடர்ந்து உண்டாக்குகிறது. அச்செல்களின் சுவரில் சூபரின் என்னும் நீர்புகா மெழுகுப்பொருள் படிந்தபின் அவை இறந்து, மரத்திற்குப் போர்வையாக நின்றுவிடுகின்றன. வேம்பு, புளி போன்ற மரங்களில் முதலில் தோன்றிய தக்கை கேம்பியம் செயலற்றுப்போக, அதற்கு உட்புறத்தில் புதிய கேம்பியங்கள் துண்டுதுண்டாகத் தோன்றுகின்றன; அதனால் பட்டை ஆழமாக வெடித்துக் கரடுமுரடாகிறது. பூர்ஜ மரத்திலோ முதற்கேம்பியமே பல ஆண்டுகள் அழியாமல், மரத்தைச் சுற்றி ஒரே உறையாகத் தொடர்ந்து இயங்குகிறது. அது உண்டாக்கும் தக்கையும் ஒரே சீரானதன்று. மெல்லிய சுவருடைய பெரிய செல்கள் ஓரடுக்கு, தடித்த சுவருடைய சிறிய செல்கள் ஓரடுக்கு என மாறிமாறி அமைகிறது. மரம் பருத்துப் பட்டை இழுபடும்போது மெல்லிய சுவருடைய அடுக்குகள் கிழிய, தடித்தவை முழு ஏடாகப் பிரிந்து சுருளுகின்றன. ஏட்டின் அகலத்திற்கு அழியாத ஒற்றைக் கேம்பியமும், அதன் மென்மைக்கு மாறிமாறி அமைந்த அடுக்குகளும் காரணம் எனலாம். இவற்றுள் ஒன்று இல்லாதிருந்தாலும் இப்பட்டை எழுதுபொருளாகியிருக்க இயலாது.

பட்டையின் குறுக்கே காணப்படும் பழுப்புநிறச் சிறுகோடுகள் பட்டைத்துளைகள் ஆகும். உள்ளிருக்கும் உயிர்த்திசுக்கள் சுவாசிக்க உதவும் இத்துளைகள் முதலில் புள்ளிகளாகத் தோன்றி, தண்டு பருக்கப் பருக்கக் கிடைவாக்கில் நீண்டு கோடுகளாகின்றன. பல நூற்றாண்டுகளுக்கு முற்பட்ட சுவடிகளிலும் எழுத்துகளுக்கு இடையே இக்கோடுகளைத் தெளிவாகக் காணலாம். பட்டைச்சுவடியைக் கண்ட அளவிலேயே அடையாளம் காண அவை துணைசெய்கின்றன.

பட்டையின் வெண்மைக்குப் பெட்டுலின் என்னும் சேர்மம் காரணமாகும். 1788இல் யோகான் தோபியாஸ் லோவிட்ஸ் என்னும் வேதியியலார் பிரித்தெடுத்த இப்பொருள், தக்கைச் செல்களுக்குள் நுண்ணிய வெண்பொடியாகப் படிந்து ஒளியைச் சிதறடிக்கிறது. குளிர்காலத்தில் பனிப்பரப்பிலிருந்து எதிரொளிக்கும் வெயில் பகலில் தண்டைச் சூடாக்க, இரவில் கடுங்குளிர் திடீரெனத் தாக்கினால் பட்டை வெடித்துவிடும். வெண்ணிறம் அவ்வெப்பத்தைத் திருப்பி அனுப்பி மரத்தைக் காக்கிறது என்பது பொதுவான விளக்கம். ஏடு உரியும்போது அதன்மேல் ஒட்டிய பாசியும் கற்பாசியும் பூஞ்சையும் உடன் கழிகின்றன. பெட்டுலின் பூச்சிகளுக்கும் பூஞ்சைகளுக்கும் ஒவ்வாதது. அதனால்தான் இறந்து விழுந்த மரத்தின் உட்கட்டை மட்கிப் பொடியான பின்னும் பட்டை மட்டும் குழாய்போல முழுதாகக் கிடக்கும். இந்த அழியாத் தன்மையே பின்னர் நூல்களுக்கும் உதவிற்று. ஐரோப்பிய பிர்ச் பட்டையிலிருந்து எடுக்கப்படும் பெட்டுலின் முதலிய பொருள்கள் சேர்ந்த களிம்பு ஒன்று, தொட்டாலே தோல் கொப்பளித்து உரியும் அரிய மரபுநோய்க்கு மருந்தாக 2022இல் ஐரோப்பிய ஒன்றியத்திலும் 2023இல் அமெரிக்காவிலும் ஒப்புதல் பெற்றது.

மரவுரி என்று காப்பியங்கள் கூறும் ஆடையோடு இதனைக் குழப்பிக்கொள்ளலாகாது. மரவுரி, தக்கைக்கு உட்புறமுள்ள நார்ப்பட்டையை ஊறவைத்துத் தட்டி விரித்துச் செய்யப்படுவது. பூர்ஜ ஏடோ நாரற்ற தக்கை. இவ்வேறுபாடு மரத்தின் உயிரோடும் தொடர்புடையது. இலைகள் ஆக்கிய உணவு வேருக்கு இறங்குவது உட்பட்டையின் வழியாகவே ஆதலால், புறத்தேயுள்ள தக்கையை மட்டும் கவனமாக உரித்தால் மரம் பிழைத்துக்கொள்ளும்; கத்தி சற்று ஆழமாக இறங்கி உட்பட்டையைச் சுற்றிலும் அறுத்துவிட்டால் மரம் பட்டுப்போகும்.

பட்டை ஏடான வரலாறு

அலெக்சாந்தரின் படையெடுப்பைப் பற்றி எழுதிய உரோமானிய வரலாற்றாசிரியர் குவிந்தஸ் கூர்த்தியஸ், இந்தியர்கள் மரங்களின் மென்பட்டையில் எழுதினர் எனக் குறிப்பிடுகிறார். அது பூர்ஜப் பட்டையே என்று அறிஞர் கருதுகின்றனர். காளிதாசரின் படைப்புகளில் இப்பட்டை காதல்மடல் எழுதும் பொருளாக வருகிறது. குமாரசம்பவத்தில் விஞ்சையர் மகளிர் தாதுக்குழம்பு கொண்டு இதில் எழுதுவதும், விக்கிரமோர்வசீயத்தில் ஊர்வசி தன் உள்ளத்தை இதில் எழுதி அனுப்புவதும் கதையின் உறுப்புகளாக அமைந்துள்ளன.

பட்டையை ஏடாக்கும் முறையைத் தெளிவாகப் பதிவுசெய்தவர், 1030ஆம் ஆண்டையொட்டி இந்தியாவைப் பற்றி நூல் எழுதிய அல்பிரூனி. ஏறத்தாழ ஒரு கஜ நீளமும், விரித்த கைவிரல்களின் அளவோ அதற்குச் சற்றுக் குறைவோ ஆன அகலமும் உடைய துண்டுகளை எடுத்து, எண்ணெய் பூசித் தேய்த்து வழவழப்பாக்கி, பின்னர் எழுதி, ஏடுகளுக்கு வரிசையெண் இட்டு, துணியில் சுற்றி, அதே அளவுள்ள இரு பலகைகளுக்கு நடுவே வைத்துக் கட்டுவர் என்பது அவர் தரும் செய்தியின் சாரம். வடக்கிலும் நடுவிலும் பட்டை வழங்குவதையும், தெற்கில் பனை வகை மரத்தின் ஓலையில் எழுதி நடுவே துளையிட்டுக் கயிறு கோப்பதையும் அவர் அடுத்தடுத்துக் கூறுகிறார். தமிழகத்திற்கு இம்மரத்தின் வரலாற்றோடு உள்ள உண்மையான உறவு இவ்வெதிர்நிலையே ஆகும். பனை வளராத குளிர்நிலத்தில் பூர்ஜமும், பூர்ஜம் வளராத வெப்பநிலத்தில் பனையும் நூலைச் சுமந்தன.

ஆயினும் இரண்டும் முற்றிலும் பிரிந்து நிற்கவில்லை. பட்டை அகன்ற பொருளாதலால் வேண்டிய வடிவில் அதனை வெட்டலாம். அவ்வாறிருந்தும் மத்திய ஆசியாவிலும் கில்கித்திலும் கிடைத்த பட்டைச்சுவடிகள் பல ஓலையைப் போல நீண்டு ஒடுங்கியே வெட்டப்பட்டுள்ளன, சிலவற்றில் கயிற்றுக்குரிய துளையும் உண்டு. ஓலை இயற்கையால் பெற்ற வடிவத்தை, அக்கட்டாயமே இல்லாத பட்டை மரபின் பொருட்டு ஏற்றுக்கொண்டது. ஓலையில் எழுத்தாணியால் கீறிப் பின்னர் மை தடவும் தென்னாட்டு முறை பட்டைக்கு ஏற்கவில்லை. நாணற்பேனாவும் மையும் கொண்டு அதில் எழுதினர். வாதுமை ஓட்டைக் கரியாக்கிப் பசுவின் சிறுநீரில் கொதிக்கவைத்துக் காஷ்மீரில் செய்த மை நீரில் கரையாதது. எனவே அழுக்கேறிய ஏட்டைத் தண்ணீரில் கழுவினாலும் எழுத்து அழியாது.

பட்டை என்பது இலையன்று. இருந்தும் பூர்ஜபத்திரம் என்றே வடமொழி அதனை அழைத்தது. இலை என்னும் பொருளுடைய பத்திரம் என்ற சொல், இலையில் எழுதும் நாட்டில் எழுதப்பட்டது எதற்கும் பெயராகி, தமிழில் நிலம் விற்கும் ஆவணம்வரை வந்து நிற்கிறது.

கிடைத்த சுவடிகள்

இந்தியச் சுவடிகளுள் மிகப் பழையவை பெரும்பாலும் வடமேற்கு எல்லையிலும் மத்திய ஆசியாவிலும் கிடைத்திருப்பதற்கு, வறண்ட குளிர்நிலத்தில் கரையானும் பூஞ்சையும் ஓங்காமையே காரணம். ஈரவெப்ப நாடுகளில் ஓலையாயினும் பட்டையாயினும் சில நூற்றாண்டுகளுக்கொரு முறை படியெடுத்தாலன்றி நூல் நிலைக்காது. 1881இல் பெஷாவருக்கு அருகே பக்ஷாலி என்னும் சிற்றூரில் நிலத்தை அகழ்ந்தபோது வெளிப்பட்ட பட்டைக் கணிதச்சுவடியில் 70 ஏடுகள் எஞ்சியுள்ளன. எண்ணின் வெற்றிடத்தைக் காட்ட அதில் இடப்பட்ட புள்ளியே பூச்சியத்தின் வரலாற்றில் அதற்கு நிலையான இடத்தைத் தந்தது. 2017இல் ஆக்ஸ்போர்டின் போட்லியன் நூலகம் வெளியிட்ட கரிமக் காலக்கணிப்பு, சோதித்த மூன்று ஏடுகளுக்கும் மூன்றாம் நூற்றாண்டு தொடங்கிப் பத்தாம் நூற்றாண்டுவரை வெவ்வேறு காலங்களைக் காட்டியது. ஒரே கையெழுத்தும் ஒரே பொருள்தொடர்ச்சியும் உடைய நூலுக்கு இவ்வளவு இடைவெளி எவ்வாறு பொருந்தும் என்று கணித வரலாற்றாசிரியர் சிலர் வினவியுள்ளனர், அவ்வினா புறக்கணிக்கத்தக்கதன்று.

1890இல் ஹாமில்டன் பவர் என்னும் படை அதிகாரி மத்திய ஆசியாவின் கூச்சாவில் விலைக்குப் பெற்ற சுவடி, பூண்டின் மருத்துவப் பயனைப் பாடும் பகுதி உள்ளிட்ட ஏழு நூல்களின் தொகுப்பாகும். ருடால்ப் ஹோர்ன்லே அதனைப் பதிப்பித்தபின், அவ்வட்டாரத்தில் சுவடி தேடும் முயற்சிகள் பெருகின. 1892இல் கோத்தானில் பிரெஞ்சுப் பயணி துத்ரேய் த ரான் பெற்ற தம்மபதச் சுவடி கரோஷ்டி எழுத்தில் அமைந்தது. அதன் மறுபகுதி ருசியாவுக்குச் சென்றமையால், ஒரே பட்டைச்சுருள் இன்றும் இரு நாடுகளில் பிரிந்து கிடக்கிறது. 1931இல் கில்கித்துக்கு அருகே நவ்பூரில் கால்நடை மேய்ப்போர் கண்ணில் பட்ட பௌத்தச் சுவடித்தொகுதியின் பெரும்பகுதி தில்லியிலுள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் உள்ளது.

இவை அனைத்தினும் காலத்தால் முற்பட்டவை, 1994இல் பிரித்தானிய நூலகம் பெற்ற காந்தாரப் பௌத்தச் சுருள்கள். கி.பி. முதலாம் நூற்றாண்டளவில் எழுதப்பட்டு மட்பாண்டங்களில் இடப்பட்டிருந்த இவை, பட்டைத் துண்டுகளை ஒன்றன் விளிம்பில் மற்றொன்றை ஒட்டி, ஓரங்களில் நூலால் தைத்து ஆக்கப்பட்டவை. கிடைத்தபோது தொட்டாலே நொறுங்கும் நிலையில் இருந்த சுருள்களுக்கு முதலில் ஈரப்பதம் ஊட்டி, மெல்ல விரித்துக் கண்ணாடித் தகடுகளுக்கு இடையே பொருத்தினர். இவ்வாறு மீட்கப்பட்ட நூல்களை ரிச்சர்ட் சாலமன் 1999இல் அறிமுகப்படுத்தி வெளியிட்ட பின்னர், காந்தாரி மொழி தனக்கென ஓர் இலக்கியத் தொகுதியை உடையது என்பது உறுதிப்பட்டது.

காஷ்மீரில் பட்டை நெடுங்காலம் வழக்கில் நின்றது. அங்குச் சாரதா எழுத்தில் எழுதப்பட்ட சுவடிகள், தளர்ந்த ஏடுகளாக நில்லாமல் தோலட்டையிட்டுப் புத்தகமாகக் கட்டப்பட்டன. அதர்வ வேதத்தின் பைப்பலாத பாடத்தைத் தாங்கிய காஷ்மீரப் பட்டைச்சுவடி, மன்னர் ரண்பீர் சிங் காலத்தில் ருடால்ப் ராத் என்னும் ஜெர்மானிய அறிஞருக்கு அனுப்பப்பட்டுத் தூபிங்கன் பல்கலைக்கழகத்தை அடைந்தது. 1901இல் அதன் ஒவ்வோர் ஏடும் நிறப்படமாக அச்சிடப்பட்டது. 1875இல் காஷ்மீரில் சுவடி தேடிய கியோர்க் பூலர், அக்பர் 1586இல் அந்நாட்டைக் கைக்கொண்டபின் காகிதம் பரவிப் பட்டையைப் பதப்படுத்தும் கலை மறைந்துவிட்டதாகக் குறித்துள்ளார். ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்குக் குறையாமல் கைமாறி வந்த ஒரு தொழில் முந்நூறு ஆண்டுகளுக்குள் மறக்கப்பட்டது பெரும் இழப்பாகும்.

பட்டைச்சுவடிகளைக் காப்பதில் எழும் தனி இடர்ப்பாடும் பட்டையின் இயல்பிலிருந்தே பிறப்பது. ஓர் எழுத்தேடு என்பது பல மென்படலங்கள் ஒட்டிய அடுக்காதலால், அவற்றை இணைக்கும் இயற்கைப் பசை காலப்போக்கில் வறண்டதும், மரத்தில் உரிந்தது போலவே சுவடியிலும் படலம் படலமாக அது பிரியத் தொடங்குகிறது. மேற்படலம் கழன்றால் அதனுடன் எழுத்தும் போய்விடும். கண்ணாடிக்குள் வைத்த ஏடுகளின்மேல் தோன்றும் வெண்பூச்சைப் பூஞ்சை எனக் கருதித் துடைத்துவிடக் கூடாது. அது பட்டையின் உள்ளிருந்து வெளிப்படும் பெட்டுலினாகவும் இருக்கலாம்.

பிற நாடுகளும் பிற மரங்களும்

பூர்ஜத்தின் இனத்தைச் சேர்ந்த பிர்ச் மரங்கள் வடகோளத்தின் குளிர்நாடுகளில் வேறு பயன்களைத் தந்துள்ளன. ஆல்ப்ஸ் மலையில் 1991இல் கண்டெடுக்கப்பட்ட, ஏறத்தாழ 5,300 ஆண்டுகளுக்கு முற்பட்ட பனிமனிதன் பிர்ச் பட்டையாலான கலங்களை வைத்திருந்தான். அவன் அம்புகளில் இறகையும் முனையையும் பொருத்த உதவியது பிர்ச் பட்டையைச் சுட்டு எடுத்த கீல். வட அமெரிக்கப் பழங்குடிகள் தாள்பட்டைப் பிர்ச்சின் ஏடுகளை வேர்நாரால் தைத்து, பிசின் பூசி, ஒருவரே தோளில் தூக்கிச் செல்லக்கூடிய ஓடங்களைக் கட்டினர். ருசியாவின் நோவ்கொரோது நகரில் 1951இல் முதன்முதலாக அகழ்ந்தெடுக்கப்பட்ட பட்டைமடல்கள் இன்று ஆயிரத்தைத் தாண்டியுள்ளன. கடன் கணக்கு, திருமணப் பேச்சு, 13ஆம் நூற்றாண்டில் ஓன்ஃபிம் என்னும் சிறுவன் எழுத்துப் பழகி வரைந்த படங்கள் என அன்றாட வாழ்க்கையே அவற்றில் பதிந்துள்ளது. இமயத்தில் மையால் எழுதினர்; நோவ்கொரோதிலோ தமிழக எழுத்தாணியைப் போன்ற கூரிய கருவியால் கீறினர். மை இல்லாமையால் சேற்றுநீரில் எழுநூறு, எண்ணூறு ஆண்டுகள் கிடந்தும் எழுத்து அழியவில்லை.

ஏடாக உரியும் பண்பு ஒரே குடும்பத்திற்கு உரியதன்று. ஆஸ்திரேலியாவின் மெலலூக்கா மரங்களில் பஞ்சுபோன்ற பல அடுக்குத் தாள்பட்டை உண்டு. அந்நாட்டுப் பழங்குடியினர் அதில் உணவைச் சுற்றிச் சுட்டனர், குடில் வேய்ந்தனர். ஆண்டீஸ் மலையில் பிற மரங்கள் எட்டாத உயரத்தில் வளரும் பாலிலெப்பிஸ் ரோஜாக் குடும்பத்தைச் சேர்ந்தது. அதன் செந்நிறப் பட்டையும் அடுக்கடுக்காக உரியும். தமிழகத்தில் இப்பண்பைக் காண விரும்புவோர்க்குக் கிளுவை போதும். வேலியாக நடப்படுவதும், பஞ்ச வில்வங்களுள் ஒன்றாகப் போற்றப்படும் முட்கிளுவையை உள்ளடக்கியதுமான இவ்வினத்தில், மெல்லிய தோல் சுருண்டு உரிய, அடியில் பசுமையான பட்டை வெளிப்படும். வறண்ட கோடையில் இலையெல்லாம் உதிர்ந்தபின் அப்பச்சைப் பட்டையே ஒளிச்சேர்க்கை செய்கிறது. உரிந்துகொண்டே இருப்பதால் அதன்மேல் ஒளியை மறைக்கும் அழுக்கடுக்கு தங்குவதில்லை. பனிமலையில் ஒளியைத் திருப்பி அனுப்பத் துணைநின்ற அதே இயல்பு, வறள்காட்டில் ஒளியை உள்ளே விடத் துணைநிற்கிறது.

இன்றைய நிலை

எழுதுபொருளாக வழக்கொழிந்த பின்னும் பட்டை இமயத்தில் பயன்படுகிறது. மண்கூரைகளில் மண்ணுக்கு அடியில் நீர் ஒழுகாதிருக்க அதனைப் பரப்புவதும், வெண்ணெய் முதலியவற்றைப் பொதிவதும் மலைவாழ் மக்களின் பழைய வழக்கம். யந்திரம் எழுதித் தாயத்தில் அடைப்பதற்காகப் பட்டை நாடெங்கும் விற்கப்படுகிறது. ஆயினும் மரத்திற்குப் பெருங்கேடு விளைவித்தது விறகுத் தேவைதான். மரவெல்லையில் வேறு விறகு இல்லை, அவ்வுயரத்தில் வெட்டுண்ட மரம் மீண்டும் எழப் பல பத்தாண்டுகள் ஆகும். கங்கோத்ரியிலிருந்து கோமுகத்திற்குச் செல்லும் வழியில் ஏறத்தாழ 3,800 மீட்டர் உயரத்திலுள்ள போஜ்பாசா, பூர்ஜ மரங்களின் உறைவிடம் எனப் பொருள்படும் பெயருடையது. யாத்திரிகர் தங்கும் இடங்களின் அடுப்புக்கு இரையாகிப் பெயருக்குரிய மரங்கள் அங்கு அருகிப்போக, மலையேற்ற வீராங்கனை ஹர்ஷ்வந்தி பிஷ்ட் 1990களில் அப்பகுதியில் பூர்ஜக் கன்றுகளை நட்டு வளர்க்கும் பணியைத் தொடங்கினார். கோமுகத்திற்கு நாளொன்றுக்கு 150 பேருக்கு மேல் செல்லலாகாது என்னும் வரையறை 2008இல் விதிக்கப்பட்டது. வேலியிட்டுக் காக்கப்படும் அக்கன்றுகள் ஆண்டின் பாதியைப் பனிக்கடியிலேயே கழிக்கின்றன. ஆளுயரம் எட்டவே நெடுங்காலம் பிடிக்கும் அவற்றின் தண்டில் முதல் ஏடு உரிவது அதற்கும் பின்னரே.